கீழே விழாத பை

யாரைக் கூப்பிட வந்திருக்கீங்க தம்பி? போர்டுல எழுதியிருக்கிற பேரு கண்ணாடி இல்லாம எனக்குத் தெரியல. ஓ, டிராவல்ஸ் வண்டியா. சரி சரி. கொஞ்சம் அந்தப் பக்கம் தள்ளி நில்லுங்க, கோவிச்சுக்காதீங்க. இந்தத் தூணை ஒட்டி ஒரு ஆளு நிக்கிற இடம் எனக்கு வேணும். மத்த கம்பியெல்லாம் நீங்களே வச்சுக்கங்க.

என் பேரு பஞ்சநாதன். ஆலங்குடிக்குப் பக்கம். மஸ்கட்ல ஸ்டோர் கீப்பரா இருந்தேன். போகும்போது மீசை கறுப்பு, முடிச்சுட்டு வரும்போது வெள்ளை, அவ்வளவு காலம். இந்தத் திருச்சி ஏர்போர்ட்டுக்கு எத்தனை தடவை வந்து இறங்கியிருப்பேன்னு எனக்கே தெரியாது. ஆனா ஒண்ணு சொல்றேன், சிரிக்காதீங்க. கம்பிக்கு இந்தப் பக்கம் நிக்கிறது இதுதான் முதல் தடவை. எப்பவும் நான் அந்தக் கண்ணாடிக் கதவுலேருந்து வெளிய வர்ற ஆளு. அப்ப பழைய கட்டடம். அங்க இருந்த தூணு வேற. இப்ப அரண்மனை மாதிரி கட்டிட்டாங்க, எந்தத் தூணுன்னு தேடுறது? சரி, ஏதோ ஒரு தூணுன்னு இதைப் பிடிச்சுக்கிட்டேன்.

என் பொண்ணு வர்றா. மேகலா. சினிமா எடுக்கிறா. உடனே நீங்க பாட்டு, சண்டைன்னு நினைச்சுக்காதீங்க. குறும்படம். அதுலயும் சோதனை முயற்சியாம். யாரைச் சோதிக்கிறாளோ தெரியாது, என்னை நல்லாவே சோதிச்சா. வெளிநாட்டுல ஏதோ விழாவுல அதைப் போட்டாங்களாம், போயிட்டு இன்னைக்குத் திரும்புறா. நான் இங்க நிக்கிறது அவளுக்குத் தெரியாது. அவ என்கூடப் பேசி வருஷம் ஒண்ணு ஓடிப்போச்சு. நானும் பேசல. அவ சித்தி தேனுதான் போன் பண்ணி, இந்த ஃப்ளைட்ல வர்றா மாமான்னு சொன்னா. சொல்லிட்டு வச்சுட்டா, வாங்கன்னும் சொல்லல, வராதீங்கன்னும் சொல்லல.

நான் இதுக்குன்னு வரல தம்பி. பல் டாக்டரைப் பார்க்க டவுனுக்கு வந்தேன். அவரு இன்னைக்கு இல்லையாம். சரி, வந்தது வந்தோம், பஸ்ஸும் காலியா இருந்துச்சு, எட்டிப் பார்த்துட்டுப் போலாமேன்னு வந்தேன். என்ன பார்க்கிறீங்க, ப்ளாஸ்க்கா? டீதான். பல் டாக்டர்கிட்ட போறவன் ப்ளாஸ்க்ல டீ கொண்டு போகக்கூடாதுன்னு சட்டமா?

விமானப் பிரயாணம்னா எங்க கேம்ப்ல என்னைத்தான் கேப்பாங்க. எந்தப் பெட்டிக்கு எவ்வளவு எடை, எதைக் கையில வச்சுக்கணும், எதை உள்ள போடணும், எல்லாம் எனக்கு அத்துப்படி. டிக்கெட் விஷயத்துல நான் ராஜா. ரம்ஜான் கூட்டமா இருக்கட்டும், ஸ்கூல் லீவா இருக்கட்டும், பம்பாய் சுத்தியோ கொழும்பு சுத்தியோ எப்படியாவது ஒரு சீட்டு வாங்கிடுவேன். ஊருக்கு அவசரம்னு கண்ணைக் கசக்கிக்கிட்டு எவன் வந்தாலும், போய்ப் பெட்டியைக் கட்டுடாம்பேன். மறுநாள் ஏத்தி அனுப்பிடுவேன்.

அதனாலதான் அவ முதல்ல என்கிட்ட கேட்டப்ப எனக்குத் தலைகால் புரியல. நான் ரிட்டையர் ஆகி வந்த புதுசு. மெட்ராஸ்லேருந்து போன் பண்ணினா. அப்பா, பெல்ட்ல பெட்டி எந்தப் பக்கமா சுத்தும்? செக்யூரிட்டியில முதல்ல எதைக் கழட்டுவீங்க? கதவைத் தாண்டி வெளிய வந்ததும் கண்ணுக்கு முதல்ல என்ன தெரியும்? இப்படி ராத்திரி ராத்திரி கேப்பா, நான் சொல்லிக்கிட்டே இருப்பேன். சின்ன வயசுல போன்ல, நல்லாயிருக்கியா, நல்லாயிருக்கேன், படிக்கிறியா, படிக்கிறேன், அம்மாகிட்ட குடு, இவ்வளவுதான் எங்க பேச்சு. இப்ப என்கிட்ட கேக்கிறதுக்கு அவளுக்கு இவ்வளவு இருக்குன்னதும் எனக்குச் சந்தோசம் தாங்கல. மறந்துபோனதைக்கூட யோசிச்சு யோசிச்சுச் சொன்னேன்.

ஏர்போர்ட்டுக்குள்ள படம் எடுக்க விடுவாங்களா? விடல. அவ என்ன பண்ணினா தெரியுமா, ஒரு கல்யாண மண்டபத்தை வாடகைக்குப் பிடிச்சு அதையே ஏர்போர்ட் ஆக்கிட்டா. பெட்டி வர்ற பெல்ட்டுக்கு ரைஸ்மில்லுல மூட்டை ஏத்துற பெல்ட்டு. போட்டோ அனுப்பினா, நானே அசந்துட்டேன். கடைசியில ஒரு நாள் கேட்டா, உங்க பழைய கைப்பை இருக்காப்பான்னு. பரண் மேல கிடந்துச்சு. காக்கி கலரு, வாருல ஒரு இடத்துல நான் பச்சை நூலால தச்சிருப்பேன். துடைச்சு பார்சல்ல அனுப்பி வச்சேன். எதுக்குன்னு கேக்கல. கேட்டிருக்கணும்.

அந்தப் பையைப் பத்திச் சொல்லியாகணும், இல்லாட்டி உங்களுக்குப் புரியாது. என் பொண்டாட்டி பேரு பவுனு. நான் ஒவ்வொரு தடவை வரும்போதும் அந்தப் பழைய கட்டடத்துத் தூணை ஒட்டி நிப்பா. வேன்ல ஊரே கூட வந்திருக்கும். மாமன், மச்சான், பங்காளி, எல்லாரும் கம்பி மேல தொங்குவாங்க. அவ மட்டும் தூணுகிட்ட. இவ்வளவு பேரு முன்னாடி நம்ம பக்கத்துல புருஷன் பொண்டாட்டி கட்டியா பிடிச்சுக்குவாங்க? கையைத் தொட்டாலே அடுத்த லீவு வரைக்கும் கேலி பண்ணுவானுங்க. அதனால நான் நேரா போய் கைப்பையை நீட்டுவேன். அவ வாங்கித் தோள்ல போட்டுக்குவா. ப்ளாஸ்க்லேருந்து டீ ஊத்திக் கொடுப்பா. சர்க்கரை கம்மிம்பேன். வீட்டுல போய்ப் போட்டுக்கலாம்பா. அவ்வளவுதான். பையை நீட்டும்போது விரலும் விரலும் லேசாப் படும். ரெண்டு வருஷத்துக்கு ஒருக்கா. அது எங்களுக்குப் போதும் தம்பி.

படத்தைப் போட்டது மெட்ராஸ்ல ஒரு ஹால்ல. என்னை முதல் வரிசையில உக்கார வச்சா. புதுச் சட்டை எடுத்துக் கொடுத்திருந்தா. படத்துக்குப் பேருகூடக் கிடையாது, ஒரு ஃப்ளைட் நம்பரு. ஆரம்பத்துல ஒரு ஆளு பெட்டியோட வர்றான். வரிசையில நிக்க நாடா கட்டியிருப்பாங்கல்ல, அந்த நாடாவுக்குள்ள வளைஞ்சு வளைஞ்சு போறான். படத்துல அந்த ஏர்போர்ட்ல வேற ஒரு ஈ காக்கா கிடையாது. இவன் பாட்டுக்கு வளைஞ்சு வளைஞ்சு நடந்துக்கிட்டே இருக்கான். ஜனங்க சிரிச்சாங்க. நான் சிரிக்கல. நாடா கட்டியிருந்தா அப்படித்தான் போகணும், அது முறை.

அப்புறம் செக்யூரிட்டி. பெல்ட்டைக் கழட்டித் தட்டுல வைக்கிறான், செருப்பை வைக்கிறான், வாட்சை வைக்கிறான். இது வரைக்கும் சரி, நான் சொன்னபடியேதான் எடுத்திருக்கா. அடுத்தாப்ல மீசையைக் கழட்டித் தட்டுல வைக்கிறான்! கறுப்பு மீசை உள்ள போகுது, அந்தப் பக்கம் நரைச்சு வெளிய வருது. அதை எடுத்து ஒட்டிக்கிட்டு ஒண்ணுமே நடக்காத மாதிரி போறான். எந்த ஏர்போர்ட்ல மீசையைக் கழட்டச் சொல்றாங்க? நான் சொன்னேனா இவகிட்ட?

விமானத்துக்குள்ள பார்த்தா எல்லாச் சீட்டுலயும் அதே ஆளு உக்காந்திருக்கான். ஜன்னல்ல மேகத்தைக் காணோம், எங்க வீட்டு அடுப்படி தெரியுது. ஒரு பொம்பளை டீ ஆத்துறா. இவன் அந்தப் பக்கம் திரும்பவே இல்ல, தூங்குறான். நான் ஜன்னல் ஓரம் உக்காந்ததே கிடையாது தம்பி. எப்பவும் நடைப் பக்கம்தான், சட்டுனு எந்திரிச்சுப் போக வசதி. இதையும் அவகிட்ட சொல்லியிருந்தேன்.

பெல்ட்டு வந்துச்சு பாருங்க, அங்கதான் எனக்கு முதல்ல எரிச்சல். பெட்டி வராம தொட்டில் வருது. தொட்டிலுக்குப் பின்னாடி குட்டிச் செருப்பு, ஸ்கூல் பை, சைக்கிளு. அப்புறம் ஒரு பாப்பா பெல்ட்டு மேலயே உக்காந்து வருது. ஒரு சுத்து சுத்தி வந்தா கொஞ்சம் பெருசா இருக்கு. இன்னொரு சுத்து வந்தா பாவாடை சட்டை. அந்த ஆளு அதைத் தாண்டித் தாண்டி எட்டிப் பார்த்துக்கிட்டு நிக்கிறான், நீலக் கயிறு கட்டின அவன் பெட்டி வருதான்னு. பக்கத்துல உக்காந்திருந்தவருகிட்ட நான் சொன்னேன், சார், சைக்கிளு இந்த பெல்ட்ல வராது, பெரிய சாமானுக்குத் தனி வழி இருக்கு. புள்ளைய பெல்ட்டு மேல உக்கார வச்சா செக்யூரிட்டி விசில் அடிச்சு இறக்கிடுவான். அவரு என்னை ஒரு மாதிரி பார்த்தாரு. கண்ணைத் துடைச்சுக்கிட்டிருந்தாரு, சளி போல.

அப்புறம் அவன் வெளிய வர்றான். தூணுகிட்ட ஒருத்தி. பையை நீட்டுறான், வாங்கிக்கிறா. திரும்ப வர்றான், திரும்ப நீட்டுறான், வாங்கிக்கிறா. என் பை தம்பி. பச்சை நூலு பெருசாத் தெரியுது. பரவாயில்லையே, எம்புள்ள இதையெல்லாம் பார்த்து வச்சிருக்காளேன்னு நினைச்சேன். கண்ணுல தண்ணி வந்துச்சு, பொய் சொல்லுவானேன்.

கடைசித் தடவை அவன் வர்றான். தூணு இருக்கு. அவ இல்ல. ப்ளாஸ்க்கு மட்டும் தரையில நிக்குது. இவன் பையை நீட்டுறான். நீட்டிட்டுக் கையை விட்டுடுறான். பை கீழ விழல. அப்படியே ஆகாசத்துல நிக்குது. கூட்டம் போகுது, லைட்டு அணையுது, கூட்டுற பொம்பளை பைக்கு அடியில குனிஞ்சு கூட்டிக்கிட்டுப் போகுது, பை அங்கயே நிக்குது. கிட்டக்க ஒரு சின்னப் புள்ளைய வேற நிக்க வச்சிருக்கா. எட்டாத கையை நீட்டிக்கிட்டு அது பாட்டுக்கு நிக்குது. அது யாரு, எதுக்கு நிக்குதுன்னு எனக்கு இன்னைக்கு வரைக்கும் விளங்கல. நைலான் நரம்புல கட்டித் தொங்கவிட்டு அப்புறம் கம்ப்யூட்டர்ல நரம்பை அழிச்சிருப்பாங்க, பையைப் பத்தி எனக்கு அது புரியுது. அந்தப் புள்ளைதான் புரியல.

பவுனு போனது ஒரு ஆடி மாசம். காய்ச்சல்னு படுத்தா. மஞ்சக்காமாலைன்னு தஞ்சாவூருக்குத் தூக்கிட்டு ஓடியிருக்காங்க. எனக்குப் போன் வந்தப்ப ஸ்டோர்ல நிக்கிறேன், வருசத்து ஸ்டாக் எடுக்கிற நேரம். டிக்கெட் கிடைக்கல. கிடைக்கலைன்னா கிடைக்கலதான் தம்பி, ஏன் அப்படிப் பார்க்கிறீங்க? காத்திருக்க வேணாம், எடுத்துருங்கன்னு நான்தான் சொன்னேன். கருமாதிக்கு முந்தின நாள் வந்து இறங்கினேன். பெட்டியெல்லாம் கொண்டாந்தேன். ஏற்கெனவே கட்டி வச்ச பெட்டி. அவ முழங்காலுக்குக் கேட்டிருந்த தைலம்கூட உள்ள இருந்துச்சு. பிரிச்சு அதை வெளிய எடுக்க எனக்குக் கை வரல. அன்னைக்கு ஃப்ளைட்ல நான் அழுதேன் தம்பி. பாத்ரூம் கதவைச் சாத்திக்கிட்டு வாயில கர்ச்சீப்பை அடைச்சுக்கிட்டு அழுதேன். வெளிய வரிசை நின்னு கதவைத் தட்டுறாங்க. அதெல்லாம் இவ படத்துல இல்ல. ஏர்போர்ட்ல நான் என்ன பண்ணினேன்னு மட்டும் இருக்கு.

படம் முடிஞ்சு லைட்டைப் போட்டாங்க. எல்லாரும் எந்திரிச்சு நின்னு கை தட்டினாங்க. தாடி வச்ச ஒருத்தரு மைக்கைப் பிடிச்சு, சாதாரணப் பிரயாணத்தைக் கனவாக்கிட்டீங்கன்னாரு. காலமே கரைஞ்சு போச்சுன்னாரு. துக்கத்துக்கு எடையே இல்லைன்னாரு. எனக்குக் கோவம் பொத்துக்கிட்டு வந்துச்சு. மைக்கை வாங்கினேன்.

"இது பொய். நான் எந்தப் பையையும் நீட்டல. பொண்டாட்டி செத்தது தெரியாத பைத்தியமா நான்?"

மேடையில நின்னா அவ. கோவப்படல, அழல. மைக்குகூட இல்லாமதான் சொன்னா.

"நீட்டினீங்கப்பா. நான் பக்கத்துல நின்னேன்."

அவ்வளவுதான். நான் செருப்பைத் தேடி மாட்டிக்கிட்டு வெளிய வந்துட்டேன். எனக்குன்னு ஹோட்டல்ல சாப்பாடு சொல்லி வச்சிருந்தாளாம். கோயம்பேட்டுக்கு ஆட்டோ பிடிச்சு பஸ் ஏறிட்டேன். பின்னாடி ஓடி வருவான்னு நினைச்சேன். வரல. வந்தவங்களை அனுப்பி வைக்க வேண்டியிருந்திருக்கும். அதுக்கப்புறம் அவளும் கூப்பிடல, நானும் கூப்பிடல. போனை எடுப்பேன், பேரைப் பார்ப்பேன், வச்சிடுவேன்.

பக்கத்துல நின்னாளாம். அப்ப அவளுக்கு என்ன வயசு, ஏழாவதோ எட்டாவதோ படிச்சுக்கிட்டிருந்தா. துட்டி வீட்டுலேருந்து புள்ளைய யாராவது ஏர்போர்ட்டுக்குக் கூட்டிக்கிட்டு வருவாங்களா? தேனு கூட்டிக்கிட்டு வந்தேங்கிறா. நின்னிருந்தா எனக்குத் தெரியாம போகுமா? நான் அந்தத் தூணை எவ்வளவு நேரம் பார்த்துக்கிட்டு நின்னேன். யாரும் இல்ல தம்பி. சத்தியமா யாரும் இல்ல. யாரும் வாங்கிக்காததுனாலதானே பையைத் திரும்ப எடுத்துத் தள்ளுவண்டியில வச்சேன்?

என்ன சொன்னேன் இப்ப? சரி, விடுங்க.

ஃப்ளைட்டு இறங்கி எவ்வளவு நேரமாச்சு, இன்னும் வெளிய காணோம். எனக்குக் கால் கடுக்குது. ஒரு சேர் போடக்கூடாதா இங்க? பவுனு கால் வலிக்குதுன்னு ஒரு நாளும் சொன்னதில்ல. அப்ப சேர் போட்டிருந்திருப்பாங்க. வர்ற ஆளுங்களைப் பாருங்களேன். ஒருத்தனாவது நம்ம பக்கம் பார்க்கிறானா? வண்டியில பெட்டி சாயுதான்னு பார்க்கிறான், போனைப் பார்க்கிறான், டாக்சி எங்கன்னு பார்க்கிறான். நாம இங்க கழுத்தை நீட்டிக்கிட்டு நிக்கிறோம். நான் அப்படியில்ல. நான் நேரா தூணைப் பார்த்துத்தான் வருவேன்.

அவ எப்படி இருப்பான்னு கேக்கிறீங்களா? முடியைக் கழுத்தோட வெட்டிக்கிட்டாளாம், தேனு சொன்னா. இளைச்சுட்டாளாம். கண்ணாடி போட்டிருக்காளோ என்னவோ. முன்னெல்லாம் நான் வந்து இறங்கும்போது அவ மாறிப்போயிருப்பா, ஒவ்வொரு தடவையும் வேற புள்ளையா இருக்கும். பவுனுதான் முதுகுல தட்டி முன்னாடி தள்ளி விடுவா, இதான் உங்க பொண்ணுன்னு. இப்ப யாரு தள்ளி விடுறது? நீங்க கொஞ்சம் பார்த்துச் சொல்லுங்க. தனியா வர்ற பொண்ணு யாராவது...

இருங்க, இருங்க. அந்தா, அந்தப் பெரிய குடும்பத்துக்குப் பின்னாடி. முகம் எனக்குத் தெரியல. தோள்ல பை தெரியுதுல்ல? காக்கி கலரு. வாருல பச்சையா ஏதாவது தெரியுதா பாருங்க, உங்களுக்குக் கண்ணு நல்லாருக்கு. தெரியுதா? தெரியுதா தம்பி? அப்ப அவதான். வெளிநாடு வரைக்கும் அதைத் தூக்கிக்கிட்டுப் போயிருக்கா. அந்தப் பழசை.

போனைப் பார்க்கல பாருங்க. டாக்சியைப் பார்க்கல. தூணு தூணாப் பார்த்துக்கிட்டு வர்றா. யாரும் வரப்போறதில்லைன்னு அவளுக்குத் தெரியும், இருந்தும் பார்த்துக்கிட்டு வர்றா.

நின்னுட்டா. என்னைப் பார்த்துட்டா. சிரிக்கவும் இல்ல, திரும்பிப் போகவும் இல்ல. பை இன்னும் தோள்லதான் இருக்கு.

தம்பி, உங்க போர்டைக் கொஞ்சம் கக்கத்துல வச்சுக்கிட்டு இந்த ப்ளாஸ்க்கைப் பிடிங்க. எனக்குக் கை காலியா இருக்கணும். நேராப் பிடிங்க, மூடி லூசு.